பால்மரத்திலிருந்து சக்கரம் வரை: தாய்லாந்தின் டீஸ்டோன் டயர்த் தொழில்



ஒரு தொழில் ஸ்தாபனத்தின் அபிவிருத்தியை அதன் மூலதனத்தையும் லாபக் கணக்கையும் கொண்டு மதிப்பிடுவதே உலக வழக்கமாயினும், மூலப்பொருள் விளையும் மண்ணிலேயே தொழிலும் எழுகின்ற இடத்தில், அம்மண்ணையும் அதில் உழைக்கும் குடியானவனையும் ஒதுக்கிவிட்டு அந்த அபிவிருத்தியைப் பேச இயலாது என்பது என் உறுதியான எண்ணம். இன்று நான் எடுத்துக்கொண்ட டீஸ்டோன் என்னும் தாய்லாந்து டயர் நிறுவனம், பாங்காக்குக்கு மேற்கே, சமுத் சாகோன் மாகாணத்து ஓம் நோயில், பெட்காசெம் சாலையை ஒட்டி அமைந்தது. தோன்றிய ஆண்டு 1977. அந்தச் சாலையோ பாங்காக்கில் புறப்பட்டு, சும்போன், ரனோங், திராங் வழியாகச் சொங்க்லா மாகாணத்தில் மலேசிய எல்லையைத் தொடுகிறவரை 1200 கிலோமீட்டருக்கு மேல் நீள்வது. அது சென்று சேரும் தென் தாய்லாந்தில்தான் அந்நாட்டு ரப்பரின் பெரும்பகுதி விளைகிறது.

இந்த ரப்பர் மரம் அங்கே வந்த வரலாறு சுவையானது. 1876-இல் ஹென்றி விக்காம் பிரேஸிலிலிருந்து கொண்டுவந்த விதைகள் லண்டன் கியூ தோட்டத்தில் முளைத்து, நாற்றுகளாக இலங்கைக்கும், மறு ஆண்டில் சிங்கப்பூருக்கும் அனுப்பப்பட்டன. மரத்தைச் சாகடிக்காமல் நாள்தோறும் பால் எடுக்கும் முறையைச் சிங்கப்பூர் தாவரத் தோட்டத்தின் ரிட்லி வகுத்தார். ரனோங்கில் பிறந்த ஹொக்கியன் சீன வம்சத்தவரும் திராங்கின் ஆளுநருமான காவ் சிம் பீ, 1899 வாக்கில் இம்மரத்தை அம்மாகாணத்துக் காந்தாங்கில் ஊன்றச் செய்தார். அக்காலத்து மரம் ஒன்றை அவ்வூரார் இன்றும் பேணி வருகின்றனர்.

மலாயாவில் ஐரோப்பியத் துரைமார்களின் தோட்டங்களில் நம் தமிழர்கள் கூலிகளாகச் சென்று பால்மரம் வெட்டிய துயர சரித்திரம் நம்மில் பலர் குடும்ப நினைவாக அறிந்ததுதான். தாய்லாந்திலோ அத்தொழில் பெரும்பாலும் சிறு நில உடைமையாளர்களின் கையில் வளர்ந்தது. நள்ளிரவு கழிந்ததும், பால் தாராளமாக இறங்கும் குளிர்ந்த வேளையில், கணவனும் மனைவியும் நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு மரம் மரமாக நடந்து, முன்தினம் வெட்டிய கோட்டுக்குக் கீழே மெல்லியதொரு பட்டையைச் சீவிச் செல்வார்கள். விடிந்தபின் கிண்ணங்களில் நிறைந்த பாலைச் சேகரித்து, தட்டுகளில் ஊற்றி, அமிலம் கலந்து உறையவைத்து, உருளைகளுக்கிடையே நசுக்கித் தகடாக்கி, வெயிலில் உலர்த்துவார்கள். பிறகு அது புகைக்கூடத்துக்குப் போகும். கத்தி ஓர் இழை ஆழமாகப் பட்டால் மரத்தின் உயிர்ப்படலம் காயமுறும் என்பதால், அந்தக் கைப்பழக்கம் எளிதில் வாய்ப்பதன்று.

தாய்லாந்தில் முதிர்ந்த ரப்பர் மரங்களின் மறுநடவுக்கு உதவும் நிதியம் 1960-இல் ஏற்பட்டது. மலாயாவில் உருவான ஆர்.ஆர்.ஐ.எம். 600 என்னும் உயர்விளைச்சல் இனம் பரவியது. 1990-களின் தொடக்கத்தில் இயற்கை ரப்பர் உற்பத்தியில் தாய்லாந்து மலேசியாவைக் கடந்து உலகில் முதலிடம் பெற்றது. ஆயினும் தகடுகள் பெரும்பாலும் தகடுகளாகவே கப்பலேறின.

அந்த ரப்பரை உள்நாட்டிலேயே டயராக்கும் வேலையோ முன்பே தொடங்கியிருந்தது. 1960-களின் பிற்பகுதியில் ப்ரிட்ஜ்ஸ்டோன், குட்இயர் முதலிய பன்னாட்டு ஸ்தாபனங்கள் தாய்லாந்தில் ஆலைகளை நிறுவின. அதற்குப் பின் வந்த டீஸ்டோன், சைக்கிள், மோட்டார் சைக்கிள் டயர்களிலிருந்து தொடங்கியது. அந்தத் தொடக்கத்தில்தான் அதன் விவேகம் முழுவதும் அடங்கியிருப்பதாக நான் கருதுகிறேன். கார் டயரைக் காட்டிலும் சிறியதான இவ்வகைக்கு எளிய யந்திரமும் குறைந்த முதலீடும் போதும். வாங்குகிறவரோ ஒவ்வொரு வீட்டிலும் இருந்தார். வயலிலும் இத்தகைய எளிய சக்கரம் வேண்டியிருந்தது: எருமைக்குப் பதிலாக அங்கே இறங்கிய கைப்பிடி உழவு யந்திரத்தைத் தாய் விவசாயிகள் ‘இரும்பு எருமை’ என்றே அழைத்தார்கள். சேற்றிலும் கரட்டிலும் ஓடும் இத்தகைய எளிய சக்கரங்களுக்கு டயர் செய்து பழகுவதே ஒரு தொழிற்கல்வியாகும்.

லாரி டயருக்கு ஏறியபோது மண்ணின் அனுகூலம் பிரத்தியட்சமாயிற்று. பாரம் சுமந்து நெடுந்தூரம் ஓடும் டயர் உள்ளுக்குள்ளே சூடேறும். அந்தச் சூட்டை அதிகம் விளைவிக்காத குணம் செயற்கை ரப்பரைவிட இயற்கை ரப்பருக்கு மிகுதி. ஆகவே கார் டயரைக் காட்டிலும் லாரி டயரில் அதன் விகிதம் கூடுதலாக இருப்பது அவசியமாகிறது. ரப்பரோடு கார்பன் கருமையும் கந்தகமும் பிற ரசாயனங்களும் கலந்து அரைத்து, நூலிழைத் துணிகளையும் விளிம்புக் கம்பி வளையங்களையும் அடுக்கிக் கட்டிய பச்சை டயர், அச்சுக்குள் வைத்து, உள்ளிருந்து ஒரு பை உப்பித் தள்ள, ஏறக்குறைய 150 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் வேகும்போதுதான் கந்தகம் ரப்பரைப் பிணைத்து, அதற்கு உறுதியைத் தருகிறது. இழைகளைக் குறுக்காக அடுக்கும் பழைய முறையிலிருந்து, எஃகுப் பட்டை சுற்றிய ரேடியலுக்குச் செல்ல, புதிய யந்திரமும் நுண்ணிய அளவும் வேண்டியிருந்தன. அந்தப் படியையும் டீஸ்டோன் ஏறியது. கார் ரேடியலுக்கு ஸ்விஸ்-ஒன், லாரி ரேடியலுக்குச் சியாம்டிரக் ரேடியல் என்று துணை ஸ்தாபனங்களை ஏற்படுத்தியது.

1997 ஜூலையில் தாய்லாந்தின் பாட் நாணயம் சரிந்தது. உள்நாட்டு ரப்பரைக் கொண்டு செய்து வெளிநாட்டில் விற்கும் ஆலைகளுக்கு அது ஒரு பக்கம் அனுகூலம். அந்நியக் கடனில் யந்திரம் வாங்கியவர்களுக்கோ மறுபக்கம் பெரும் பாரம். பின்னர் ரயோங் பகுதியில் சீன நிறுவனங்கள் பெரிய ஆலைகளை எழுப்பின. தாய்லாந்திலிருந்து வரும் கார் டயர்களின் மீது 2021-இல் அமெரிக்கா பொருள் குவிப்புத் தடுப்பு வரி விதித்தது. வர்த்தக வழக்குகளின் நுணுக்கத்தை அதில் வல்லவர்களுக்கே விட்டுவிடுகிறேன்.

என்னுடைய தீர்ப்பு இதுதான்: சைக்கிள் டயரிலிருந்து லாரி ரேடியல் வரையில் ஒரு தேசத்து மக்கள் தம் சொந்தக் கையால் கற்றுக்கொண்டு ஏறினார்கள் என்பது மெச்சத்தக்க சாதனை, ஆனால் அது பாதி வேலைதான். இன்றும் தாய்லாந்து ரப்பரின் பெரும்பகுதி கச்சாப் பொருளாகவே ஏற்றுமதியாகிறது. அதை மிகுதியாக வாங்குவது சீனம். திராங்கிலும் சொங்க்லாவிலும் இரவில் கண்விழித்து மரம் வெட்டும் குடியானவனின் தகட்டுக்கான விலை, ஷாங்காய், சிங்கப்பூர், ஒஸாகா சந்தைகளின் பேரத்தைத்தான் ஒட்டி நிற்கிறது.