இடிபடும் குடிசையும் ஆவணப்படமும்



நகரம் மாறுவதைப் பற்றிய ஆவணப்படம் என்றதும் ஜேசிபி, அழுகிற பெண், தெருவில் கிடக்கும் பாத்திரங்கள்தான் நம் நினைவுக்கு வருகின்றன. இன்று மாலை பம்பாயைப் பற்றிய இரண்டு படங்களை மட்டும் பேசுகிறேன். இரண்டையும் எடுத்தவர் ஆனந்த் பட்வர்தன். நடுவே 26 ஆண்டுகள்.

முதலாவது, 1985இல் வந்த 'ஹமாரா ஷஹர்'. நடைபாதையிலும் குடிசையிலும் இருந்தவர்கள் விரட்டப்பட்ட காலம். அதே ஆண்டு ஓல்கா டெல்லிஸ் வழக்கில், வாழ்வாதார உரிமை வாழும் உரிமைக்குள் அடங்கும் என்றது உச்ச நீதிமன்றம். முறைப்படி அறிவிப்புக் கொடுத்துவிட்டு அகற்றலாம் என்றும் அதே தீர்ப்பு சொன்னது. (நாம் மேடைகளில் முதல் பாதியை மட்டும்தான் சொல்கிறோம்.) படத்தில் ஒரு பெண், எங்களைப் படமெடுத்து நீங்கள் பேர் வாங்குவீர்கள், எங்களுக்கு என்ன கிடைக்கும் என்று படமெடுப்பவர்கள் மீதே சீறுகிறார். பட்வர்தன் அதை வெட்டாமல் வைத்திருக்கிறார். காமிரா தூக்கும் ஒவ்வொரு மாணவரும் பார்க்க வேண்டிய இடம் அது.

ஆனாலும் அந்தப் படத்தின் மொழி வர்க்கத்தின் மொழி. நகரத்தைக் கட்டியவனுக்கு நகரத்தில் இடமில்லை என்கிறது. உண்மைதான். அவன் எந்த ஊரின் எந்தத் தெருவிலிருந்து, எதற்குத் தப்பி இங்கே வந்தான்? அந்தக் கேள்வி ஓரமாக நின்றுவிடுகிறது. அந்தப் படத்தில் பாடுகிறவர் விலாஸ் கோக்ரே. தலித், இடதுசாரி மேடைகளின் பாடகர்.

1997 ஜூலை 11 அன்று காட்கோபர் ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போடப்பட்டிருந்தது. கூடிய மக்கள்மீது ரிசர்வ் போலீஸ் சுட்டதில் 10 பேர் செத்தார்கள். சில நாட்களில் கோக்ரே தன் உயிரை மாய்த்துக்கொண்டார். அப்போது அவர் அணிந்திருந்தது நீலத் துணி. செங்கொடிக்குப் பாடியவர் கடைசியில் ஏன் நீலத்தை எடுத்தார்?

அந்தக் கேள்வியோடு பட்வர்தன் 14 ஆண்டுகள் படமெடுத்தார். 2011இல் வந்தது 'ஜெய்பீம் காம்ரேட்'. மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும். நீளம் என்பார்கள். சுட உத்தரவிட்ட போலீஸ் அதிகாரிக்கு ஆயுள் தண்டனை விதிக்கவே 2009 ஆனது. ஒரு வாரப் படப்பிடிப்பில் இதெல்லாம் அகப்படுமா? இந்தப் படத்தில் நம் மக்கள் வெறுமனே அழுதுகொண்டிருக்கவில்லை. பாடுகிறார்கள், வாதாடுகிறார்கள், கேலி பேசுகிறார்கள். பைகுல்லாவின் பி.ஐ.டி. சாலில், அந்த மக்கள் நடுவிலேயே படம் திரையிடப்பட்டது.

இப்போது ரமாபாய் நகரும் பக்கத்துக் காமராஜர் நகரும் (பெயரைக் கவனியுங்கள்) அரசின் மறுகட்டுமானத் திட்டத்துக்குள் வந்துவிட்டன. அடுத்த படத்தை யார் எடுப்பார்கள்?

சென்னையிலும் இதே கதைதான். கூவக்கரையிலிருந்து கண்ணகி நகருக்கும் பெரும்பாக்கத்துக்கும் மக்களை ஏற்றிக்கொண்டு போனார்கள். 2021இல் குடிசை மாற்று வாரியம், நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் ஆனது. லாரி மட்டும் அதே திசையில்தான் போகிறது. இங்கே வரும் குறும்படங்களோ 'ஏழைகள்', 'விளிம்புநிலை மக்கள்' என்பதோடு நிறுத்திக்கொள்கின்றன. சாதியைச் சொன்னால் விழாவில் எடுத்துக்கொள்ள மாட்டார்கள் என்று பயம் போலும்.

படமெடுக்கப் போகும் தம்பி தங்கைகளிடம் நான் கேட்பது கொஞ்சம்தான். இடிக்கும் நாளுக்கு முன்பே போங்கள். பழைய இடத்தில் இருந்த அம்பேத்கர் மன்றத்தின் பலகை புதிய இடத்தில் எங்கே மாட்டப்பட்டிருக்கிறது, மாட்ட விட்டார்களா என்று பாருங்கள். வீட்டு முகவரியைச் சொன்னதும் வேலைக்கு எடுக்கிறவர் முகம் எப்படி மாறுகிறது என்று அங்குள்ள பிள்ளைகளிடம் கேளுங்கள். ஐந்து வருடம் கழித்து மறுபடி போங்கள். முதல் திரையிடலை அந்த பிளாக்கின் கீழேயே, ஒரு வேட்டியைக் கட்டி வைத்துக்கொள்ளுங்கள்.