வராதவரும் விட்டுப்போனவரும்



ஒப்பந்த அடிப்படையில் வேலை செய்யும் ஒருவர் சில நாட்கள் வேலைக்கு வரவில்லை. கந்தோரிலிருந்து கடிதமொன்று போகின்றது: "நீர் உமது பதவியை வறிதாக்கியவராகக் கருதப்படுகின்றீர்." அவ்வளவுதான். குற்றச்சாட்டு இல்லை, விளக்கம் கேட்கப்படவில்லை, விசாரணை இல்லை. வேலை போயிற்று. இத்தகைய கடிதங்களைக் கையிலேந்தி எம்மிடம் வருவோர் பலர். ஆகவே இன்று இதைப்பற்றியே பேச எண்ணினோம்.

இக்கடிதத்தின் சூட்சுமத்தைக் கவனியுங்கள். "உம்மை நீக்கினோம்" என்று அது சொல்லவில்லை. "நீரே போய்விட்டீர்" என்று சொல்லுகின்றது. நீக்கியதாக ஒப்புக்கொண்டால் காரணம் காட்டவேண்டும். அக்காரணத்தை நிரூபிக்கவும் வேண்டும். தாமாகப் போனவருக்குக் காரணம் எதற்கு? ஒரு சொல்லை மாற்றியதனால் முதலாளியின் செயல் தொழிலாளியின் செயலாகிவிடுகின்றது.

எமது நீதிமன்றங்கள் இதனை அப்படியே ஏற்றுக்கொள்ளவில்லை. 1996ஆம் ஆண்டின் சட்ட அறிக்கைகளில் இடம்பெற்ற நெல்சன் த சில்வா எதிர் அரசாங்கப் பொறியியற் கூட்டுத்தாபனம் என்னும் வழக்கிலே, பதவி வறிதாக்கலுக்கு இரண்டு அம்சங்கள் வேண்டுமெனக் கொள்ளப்பட்டது. ஒன்று, வேலைக்கு வராமை. மற்றது, இனித் திரும்புவதில்லை என்னும் மனத்துணிபு. வராமையை வரவுப் புத்தகம் காட்டும். மனத்தை எந்தப் புத்தகம் காட்டும்? தகப்பனாருக்குக் காவலாக ஆஸ்பத்திரியிலே இருந்தவரும், வெள்ளத்தால் வீதி அறுந்து வன்னிக் கிராமமொன்றில் அகப்பட்டவரும், கொழும்பிலே வேறு வேலை தேடிப் போனவரும் வரவுப் புத்தகத்தில் ஒரே மாதிரியாகத்தான் தோன்றுவர். கேட்டாலன்றி வேறுபாடு தெரியாது.

கேளாதுவிட்டால் என்ன நேரும் என்பதற்கு இந்திய உயர் நீதிமன்றம் 1993இல் தீர்த்த டி. கே. யாதவ் எதிர் ஜே. எம். ஏ. இன்டஸ்ட்ரீஸ் வழக்கு நல்ல உதாரணம். அனுமதியின்றி 8 நாட்களுக்கு மேல் வராதவர் வேலைக்குரிய உரித்தைத் தாமாகவே இழப்பார் என்று அத்தொழிற்சாலையின் நிலையியற் கட்டளை கூறியது. அதைக் காட்டி அவரை நீக்கினர். தொழிலாளி சொன்னதென்ன? "நான் நாடோறும் வந்தேன், வாசலிலே என்னைத் தடுத்தனர், வரவுப் புத்தகத்தில் ஒப்பமிட விடவில்லை." ஒரு கேள்வி கேட்டிருந்தால் வெளிவந்திருக்கக்கூடிய விடயம் இது! விசாரணையின்றி நீக்கியது இயற்கை நீதிக்கு முரணானது எனக் கண்ட நீதிமன்றம், அவரைப் பாதிப் பின்சம்பளத்துடன் மீளவும் வேலைக்கு எடுக்குமாறு கட்டளையிட்டது.

"ஒப்பந்தத்திலேயே எழுதியிருக்கின்றதே, அவர் கையொப்பமும் வைத்தாரே" என்பர் சிலர். வேலை இல்லாமல் நிற்கின்றவன் எந்தக் கடதாசியில்தான் கையொப்பம் வைக்கமாட்டான்? கைத்தொழிற் பிணக்குகள் சட்டத்துக்கு 1957இல் வந்த 62ஆம் இலக்கத் திருத்தம் தொழில் நியாயசபைகளை உண்டாக்கியது இதற்காகத்தான். அச்சட்டத்தின் 31ஆ(4) பிரிவு, சேவை ஒப்பந்தத்தில் மாறாக என்ன எழுதியிருப்பினும் நியாயசபை நிவாரணம் வழங்கலாம் என்கின்றது. இதனை வீட்டிலே எழுதி ஒட்டி வையுங்கள்.

15 பேருக்குக் குறையாத தொழிலாளரை வைத்திருக்கும் தாபனங்களுக்கு 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கச் சட்டமும் பொருந்தும். ஒழுக்காற்று நடவடிக்கையாக ஒருவரை நீக்கினால் இரண்டாவது வேலைநாள் முடியுமுன் காரணத்தை எழுத்திலே கொடுக்கவேண்டும். 12 மாதத்துள் 180 நாள் தொடர்சேவை இல்லாதவரை இச்சட்டம் காப்பதில்லை. இடையிடையே நிறுத்தி நிறுத்தி வேலை கொடுப்பதன் இரகசியமும் சில இடங்களில் இதுவே.

அரசாங்கத்தின் கீழ் ஒப்பந்தத்தில் இருப்போர் நியாயசபைக்குப் போகமுடியாது. அரசாங்கம் முதலாளியாக இருக்குமிடத்தில் அச்சட்டம் செல்லாது. சம உரிமை மீறப்பட்டதெனில் அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின்படி உயர் நீதிமன்றத்துக்கு விண்ணப்பிக்கலாம். அதற்குரிய காலம் ஒரு மாதமே. திருவிழா முடியட்டும், அறுவடை முடியட்டும் என்றிருந்தால் கதவு அடைபட்டுவிடும்.

மொழியையும் சொல்லவேண்டும். ஒருவருக்கு வாசிக்கத் தெரியாத மொழியில் வரும் அறிவித்தல் அறிவித்தலாகாது என்பது எமது கருத்து. 1988இன் 16ஆவது திருத்தம் அரச அலுவலகத்துக்குத் தமிழில் எழுதித் தமிழில் பதில்பெறும் உரிமையைத் தந்துள்ளது. விளங்காத கடிதம் வந்தால் மௌனமாயிராமல் தமிழ்ப் பிரதியைக் கேளுங்கள்.

இனி, எமக்குள்ளே ஒரு வார்த்தை. இச்சபையில் இருப்போரிற் பலர் கூட்டுறவுச் சங்கங்களின் நெறியாளர்கள். ஆலய பரிபாலன சபைகளிலும் தனியார் பாடசாலைக் குழுக்களிலும் இருப்பவர்கள். அரசாங்கத்திடம் நீதி கேட்கும் நாம், சங்கக் கடையில் நிறுவை போடும் பெண்பிள்ளை ஐந்து நாள் வராவிட்டால் என்ன செய்கின்றோம்? "அடுத்த கூட்டத்தில் வேறொருவரைப் போடுவோம்" என்று கை உயர்த்துகின்றோம். அவளுடைய வீடு ஒரு கட்டை தூரந்தான். ஒருவரும் போய்க் கேட்பதில்லை. அதற்குப் பதிலாக, வராத திகதிகளைக் குறித்துப் பதிவுத் தபாலில் விளக்கம் கேட்டு எழுதுவதற்கு என்ன செலவு? நியாயமான தவணை கொடுங்கள். பதில் வந்தால் அதை வாசித்துவிட்டு முடிவெடுங்கள். வைத்தியச் சான்றிதழில் ஐயமிருப்பின், ஐயத்தை அவளிடமே சொல்லி மறுமொழி கேளுங்கள். ஆறு வருடம் ஒழுங்காக வேலை செய்தவளுடைய ஐந்து நாளையும், சேர்ந்த மாதமே மறைந்தவருடைய ஐந்து நாளையும் ஒரே தராசில் இடாதீர்கள். முறைப்படி கேட்ட பின்பும் பதிலே இல்லையெனில் நீக்குங்கள். அதனை நாம் குறைசொல்லோம். ஒருவர் வராததனால் மற்றவர் இரட்டை வேலை செய்வதும் அநீதிதானே.

வேலை செய்வோரும் தம் பங்கைச் செய்யவேண்டும். வரமுடியாத அன்றே அறிவியுங்கள். தொலைபேசியிற் சொன்னாலும் குறுஞ்செய்தியொன்றும் அனுப்பி அதை அழியாமல் வைத்திருங்கள். திரும்பிப் போகும்போது வாசலில் தடுத்தால், அன்றே "வேலைக்கு வந்தேன், தடுக்கப்பட்டேன்" என்று பதிவுத் தபாலில் எழுதுங்கள். திரும்பும் எண்ணம் இருந்தது என்பதற்கு அதைவிடச் சாட்சி வேறில்லை. எழுதத் தெரியாதவர்கள் எம்மிடம் வரலாம். வரும்போது கடிதத்தை மட்டுமல்ல, அது வந்த உறையையும் கொண்டுவாருங்கள். தபால் முத்திரையின் திகதி உறையிலேதான் இருக்கின்றது.