கூண்டும் கமெராவும்



இலக்கிய உரைத் தொடரிலே பிலிப்பைன்ஸ் நாட்டு மலிவுக் கவர்ச்சிப் படங்களைப் பற்றிப் பேச முற்படுகிறேன். தமிழாசிரியனுக்கு இது தகுமோ எனச் சிலர் முகஞ்சுளிக்கக்கூடும். இக்கதையின் முடிவில் ஒரு நாவலாசிரியை நிற்கிறார். அவரிடம் செல்ல இவ்வழியேதான் சென்றாக வேண்டும்.

பிலிப்பைன்ஸ் மக்கள் தம் தேசியப் பெருநாவலாகப் போற்றுவது ஹோஸே றிஸால் 1887இல் வெளியிட்ட ‘நோலி மே தாங்ஹேரே’. அதனை 1961இல் படமாக்கிய பெருங்கலைஞர் ஜெறார்டோ டி லெயோன். அதே கலைஞர் பத்தாண்டுகளின் பின் நெறியாள்கை செய்த படம் ‘விமன் இன் கேஜஸ்’. பெண்கள் சிறையில் அடைபடுவதும் வதைபடுவதும் தப்பியோடுவதுமே கதை.

ஏன் இந்த இறக்கம்? அமெரிக்கத் தயாரிப்பாளர் றோஜர் கோமனுக்கு அங்கே கூலி குறைவு, தொழில் தெரிந்தவர்கள் ஆங்கிலமும் பேசினார்கள், காடும் அருகிலிருந்தது. 1971இல் ‘த பிக் டோல் ஹவுஸ்’ வசூலைக் குவிக்கவே, சிறைப் படங்கள் வரிசையாக வந்தன. பாம் கிறயர் என்ற கறுப்பின நடிகை புகழடைந்தது இவற்றாலேதான். வெறும் உடலாக நில்லாமல் சினமும் மிடுக்குமாக நின்றார் அவர், அதனை மறுப்பதற்கில்லை. ஆனால் நாயகியர் அமெரிக்கர். அந்த மண்ணின் பெண்களோ பெரும்பாலும் பின்வரிசைக் கைதிகள்.

உள்ளூர்ப் படங்களிலே அவர்கள் முன்வரிசைக்கு வந்தார்கள். வந்த விதந்தான் வேறு. 1970இல் மெர்லி பெர்னாண்டஸ் நடித்த ‘உஹாவ்’, ‘பொம்பா’ எனப்பட்ட ஆபாசப் பட அலையைத் தொடக்கிவைத்தது. 1972 செப்டெம்பரில் மார்க்கோஸ் இராணுவச் சட்டத்தைப் பிரகடனஞ் செய்தார், தணிக்கை இறுகிற்று. 1974இல், 1969ஆம் ஆண்டின் பிரபஞ்ச அழகி குளோறியா டயஸ் நனைந்த உடையோடு திரையில் தோன்றினார். தணிக்கையாளரின் கண்ணுக்கு நீரும் ஓர் ஆடை போலும்! எண்பதுகளிலோ பெப்சி பலோமா, கோக்கா நிக்கலஸ், சார்சி இமானுவல் என இளம் பெண்களுக்குக் குளிர்பானப் பெயர்களையே சூட்டிச் சந்தைக்கு விட்டார்கள். பெப்சி பலோமா 1985இல், இருபது வயது நிறையுமுன் இறந்துபோனார். அவரைப் பெற்ற தாய் வைத்த பெயர் எந்தச் சுவரொட்டியிலும் இல்லை.

இராணுவச் சட்ட காலத்தில் அந்நாட்டின் மெய்யான சிறைகள் நிரம்பி வழிந்தன. அக்காலத்து வீடொன்றை ஒரு தாயின் குரலில் ‘டெக்கடா 70’ என நாவலாக்கியவர் லுவால்ஹாத்தி பௌதிஸ்தா. அவர்தான் 1984இல் ‘புலக்லாக் சா சிற்றி ஜெயில்’ படத்துக்குத் திரைக்கதை எழுதினார். மாறியோ ஒஹாறா நெறியாளர். நோறா அவுனோர் நாயகி. இதுவும் பெண்கள் சிறைக் கதைதான். ஆனால் இங்கே விசாரணைக்குக் காத்திருந்தே வயது போகிறவர்கள் இருக்கிறார்கள். காவலரின் பசிக்கு இரையாகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்குள்ளே சண்டையும் சிநேகமும் இருக்கின்றன. கமெரா உடலைத் தேடிப் போகவில்லை, முகத்தைப் பார்த்தது. கர்ப்பிணியான நாயகி சிறையிலிருந்து தப்பியோடுகிறாள். அவள் பிள்ளை பெறுவது மணிலா மிருகக்காட்சிச் சாலையில்.

அவ்வாண்டு மணிலா மாநகரத் திரைப்பட விழாவில் சிறந்த படத்துக்கான விருது அதற்கே கிடைத்தது.