எழுதி வைப்போம்: ஒரு கண் மருத்துவர் தரும் படிப்பினை
(ஜமாஅத் ஆண்டுப் பொதுக்குழுக் கூட்டத்தில் ஆற்றப்பட்ட உரை)

 

பிழைப்புக்கு மருத்துவம், உள்ளத்திற்கு வரலாறு என்று வாழ்ந்தோர் பல நாடுகளில் உண்டு. நமக்கு அண்மையிலுள்ள திருச்சிராப்பள்ளியும் அத்தகைய ஒருவரைத் தந்துள்ளது. கண் மருத்துவரான டாக்டர் இரா. கலைக்கோவன் அவர்களே அவர். பல்லவர், சோழர் வரலாறுகளை எழுதிய டாக்டர் மா. இராசமாணிக்கனாரின் மைந்தர். 1967இல் மறைந்த தந்தையாரின் பெயரால் 1982இல் வரலாற்று ஆய்வு மையம் ஒன்றை நிறுவினார். நோயாளிகளைப் பார்த்த நேரம் போக எஞ்சிய நேரமெல்லாம் கோயில்களுக்கும் குடைவரைகளுக்கும் சென்றார். மு. நளினி, அர. அகிலா போன்ற ஆய்வாளர்களுடன் சேர்ந்து கல்வெட்டுகளைப் படித்தார், கட்டடங்களை அளந்தார், கண்டவற்றை நூல்களாக்கினார்.

அவர் தனிநூல் எழுதி ஆராய்ந்தவற்றுள் ஒன்று தஞ்சைப் பெரிய கோயிலின் தளிச்சேரிக் கல்வெட்டு. முதலாம் இராசராசன் அக்கோயிலில் பணியமர்த்திய 400 ஆடல் மகளிரின் பெயர், வந்த ஊர், குடியிருந்த தெரு, வீட்டு வரிசை, பெற்ற நெல் அனைத்தும் அதில் உள்ளன. ஆயிரம் ஆண்டுகள் கடந்தும் அப்பெண்கள் எந்தச் சிறகில் எத்தனையாவது வீட்டில் வாழ்ந்தார்கள் என்று நம்மால் சொல்ல முடிகிறது. நூறு ஆண்டுகளுக்கு முன் நம் பள்ளிவாசலில் பாங்கு சொன்ன முஅத்தினின் பெயரை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

நாமக்கல் மலையைப் பாருங்கள். ஒரே பாறையின் இருபுறமும் குடைவரைகள், உச்சியிலே கோட்டை, அதனுள் பெருமாள் கோயிலும் உண்டு, பள்ளிவாசலும் உண்டு. அரங்கநாதர் குடைவரையைக் குடைவித்தவன் அதியர் மரபைச் சேர்ந்த குணசீலன் என்பதை நாம் அறிவது அங்குள்ள கல்வெட்டால்தான். சேலத்தில் திருமணிமுத்தாற்றங்கரை ஜாமிஆ மசூதியைத் திப்பு சுல்தானோடு தொடர்புபடுத்திப் பெரியவர்கள் பேசுவார்கள். சொல்வழக்கு நெஞ்சுக்கு இனிது. ஆயினும் வழக்குமன்றத்திலும் வரலாற்றிலும் சான்றுக்கே மதிப்பு.

நம் வட்டாரத்திற்குச் சான்றுகள் இல்லாமலில்லை. 1792இல் திப்பு சுல்தான் செய்துகொண்ட உடன்படிக்கையால் பாராமகாலும் சேலமும் கும்பினியார் வசமாயின. அலெக்சாண்டர் ரீடும் அவருடைய உதவியாளர் தாமஸ் மன்றோவும் நிலங்களை அளந்து கணக்கெழுதினார்கள். 1858இல் அமைந்த இனாம் கமிஷன் பள்ளிவாசல்களுக்கும் தர்காக்களுக்கும் விடப்பட்ட மானியங்களை விசாரித்துப் பதிவேடுகளில் ஏற்றியது. சென்னை எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் இத்தகைய பழைய பதிவுகளைத் தேடலாம்.

இவற்றின் அருமை 2025இல் நமக்கு நன்கு விளங்கியது. வக்ஃபு திருத்தச் சட்டம் வந்து, வக்ஃபுச் சொத்துகளின் விவரங்களை உமீத் இணையத்தளத்தில் ஏற்ற வேண்டுமென்று ஆனபோது, பல ஊர்களில் முத்தவல்லிகள் பழைய பெட்டிகளைத் துழாவ நேர்ந்தது. கறையான் தின்ற பத்திரத்தை எந்தச் சட்டமும் மீட்டுத் தராது.

"இது பேராசிரியர்கள் வேலை, வியாபாரிகளான நமக்கு ஏன்?" என்று சிலர் கேட்கலாம். கண் மருத்துவர் ஒருவர் ஓய்வு நேரத்தில் தொடங்கிய வேலை நூல்வரிசையாக வளர்ந்திருக்கிறது என்பதே அதற்கு மறுமொழி. மேலும், கடன் கொடுக்கல் வாங்கலை எழுதி வைக்குமாறு அல்லாஹ் அல்-பகரா அத்தியாயத்தின் 282ஆம் வசனத்தில் பணிக்கின்றான். திருக்குர்ஆனிலேயே மிக நீண்ட வசனம் அதுவாகும். தனி மனிதர் கடனுக்கே எழுத்து வேண்டுமெனில், அல்லாஹ்வின் பாதையில் விடப்பட்ட சொத்துக்கு எத்துணை வேண்டும்!

ஆகவே மூன்று பணிகளை ஜமாஅத்தின் முன் வைக்கிறோம். முதலாவது, வீடுகளிலுள்ள பழைய பத்திரங்கள், நிகாஹ் பதிவேடுகள், கணக்கு நோட்டுகள், புகைப்படங்களைப் படியெடுத்து, அசலை உரியவரிடமே திருப்பித் தருவது. இரண்டாவது, கபரஸ்தானில் எழுத்துள்ள கற்களை, எழுத்து அழியுமுன் படமெடுத்துக் குறித்துக்கொள்வது. மூன்றாவது, எழுபது வயதைக் கடந்த பெரியவர்களும் தாய்மார்களும் சொல்வதை ஒலிப்பதிவு செய்து, சொன்னவர் பெயரையும் நாளையும் சேர்த்து எழுதுவது. பட்டதாரி இளைஞர்கள் இதற்கு முன்வர வேண்டும்.

கேள்விப்பட்டதைக் கேள்விப்பட்டதென்றும், கண்டதைக் கண்டதென்றும் பிரித்தெழுதுவதே நேர்மை. பெருமைக்காக ஒரு வரியும் கூட்ட வேண்டாம். நமக்குப் பின் வருவோர் நம்பி எடுத்துப் படிக்கத்தக்க ஏட்டை விட்டுச்செல்ல வல்ல அல்லாஹ் நமக்கு அருள்புரிவானாக! ஆமீன். வஸ்ஸலாம்.