ஹோய் ஆன் சந்தையில் முதல் போணி



வியட்நாம் போய்வருகிறவர்களின் பெட்டியைத் திறந்தால் இப்போதெல்லாம் மூன்று பொருள்கள் இருக்கும். காப்பித்தூள், கூம்புத் தொப்பி, ஒரு சமையல் குறிப்புத் தாள். காப்பித்தூள் ஒரு மாதத்தில் தீர்ந்துவிடும். தொப்பியைப் பிள்ளைகள் பள்ளி மாறுவேடப் போட்டிக்குப் போட்டுக்கொள்வார்கள். அந்தத் தாள் மட்டும் குளிர்பெட்டிக் கதவில் காந்தத்தில் ஒட்டிக்கொண்டு மஞ்சள் பூத்துக் கிடக்கும். அரை நாள் செலவழித்து, பணமும் கட்டிக் கற்ற சமையல் பல வீடுகளில் ஒரு தடவைக்கு மேல் அடுப்பேறாமல் போவது ஏன்? கைப்பக்குவம் போதவில்லை என்று சொல்லிவிடலாம். ஆனால் கோளாறு பெரும்பாலும் அடுப்படியில் இல்லை. காலையில் சந்தையில் கழித்த அந்த ஒரு மணி நேரத்தில்தான் இருக்கிறது.

ஹோய் ஆன் நகரத்தையே எடுத்துக்கொள்வோம். மத்திய வியட்நாமில் து போன் ஆற்றங்கரையில் இருக்கும் பழைய துறைமுகம். சீனரும் ஜப்பானியரும் வந்து கடை போட்ட ஊர். 1999இல் யுனெஸ்கோ இதை உலக மரபுடைமைப் பட்டியலில் சேர்த்தது. அதே ஆண்டில், பக்கத்தில் சாம் மன்னர்கள் சிவபெருமானுக்குக் கட்டிய மி சன் கோயில் தொகுதியும் பட்டியலில் சேர்ந்தது. 2025 ஜூலை முதல் ஊர் டா நாங் மாநகரத்தோடு இணைந்துவிட்டது. தெருவுக்குத் தெரு சமையல் வகுப்பு நடக்கும் இடம் இது. காலை எட்டு மணி வாக்கில் கூட்டிச் செல்வார்கள். முதலில் சந்தை, பிறகு படகிலோ மிதிவண்டியிலோ ஒரு தோட்டம், அப்புறம் அடுப்பு. மூன்று நான்கு பதார்த்தம் செய்து, செய்ததையே மதிய உணவாகச் சாப்பிட்டுவிட்டுத் திரும்ப வேண்டியதுதான்.

நம்மூரிலிருந்து ஒரு குடும்பம் இந்த வகுப்புக்குப் போவதாக எண்ணிக்கொள்ளுங்கள். அப்பா, அம்மா, கல்லூரி போகும் மகள். அப்பா எதையும் சாப்பிடுவார், மாட்டிறைச்சி மட்டும் கிடையாது. அம்மா சுத்த சைவம். மகள் எல்லாவற்றையும் படம் பிடிப்பாள்.

சந்தைக்குள் நுழைந்ததும் முதலில் இழுப்பது கீரைப் பகுதி. ஒரு பக்கம் பச்சையும் மறு பக்கம் ஊதாவுமாகத் தியா தோ, ரம்பம் மாதிரிப் பல் வைத்த நீளக் கொத்தமல்லி, துளசியின் உறவுக்காரியான ஹுங் குவே, வாழைப்பூ சீவல், தண்ணீரில் சுருண்டு கிடக்கும் கங்குங் தண்டு. இவற்றுக்கு நடுவே ‘ராவ் ராம்’ என்று ஒரு கட்டு இருக்கும். ஒரு இலையைக் கிள்ளி முகர்ந்தவுடன் அம்மா, “இது லக்சா இலையாச்சே!” என்பார். அதேதான். நம் பசாரில் டாவுன் கெசும் என்று கேட்டு வாங்குகிறோமே, அந்த இலை. நாம் அதைக் குழம்பில் போட்டுக் கொதிக்க வைக்கிறோம். அவர்கள் பச்சையாகக் கோழிக்கறிச் சாலட்டில் கிழித்துப் போடுகிறார்கள், அவித்த வாத்து முட்டைக்குத் தொட்டுக்கொள்கிறார்கள். ஒரே இலைதான், இரண்டு வீட்டில் இரண்டு வேலை பார்க்கிறது. குறிப்புத் தாளில் ‘நறுமண இலைகள் ஒரு கைப்பிடி’ என்று ஒரே வரியில் முடித்திருப்பார்கள். அந்தக் கைப்பிடிக்குள் எது எது என்று தெரிந்துகொள்ளும் இடம் சந்தை மட்டுந்தான். அங்கே பெயரைக் கேட்டு எழுதிக்கொள்ளாதவர், ஊர் திரும்பிய பிறகு வெறும் கொத்தமல்லியைத் தூவிவிட்டு, “அங்கே சாப்பிட்ட ருசி வரவில்லையே” என்று வருத்தப்படுவார்.

இன்னோர் இலையும் உண்டு. தியெப் கா என்பார்கள். இதய வடிவத்தில் அழகாக இருக்கும். கசக்கினால் சாட்சாத் மீன் வாடை! அம்மா கையை உதறிக்கொண்டு பின்வாங்கினாலும் பாவமில்லை, அதுவும் செடிதான்.

இங்கேதான் ஒரு விஷயத்தை நாம் கவனிக்க வேண்டும். காலை எட்டு மணிக்கு வகுப்புக் கூட்டம் பத்துப் பதினைந்து பேராகச் சந்தைக்குள் நுழைகிறது. ஆசிரியை ஒரு கடை முன் நின்று விளக்குகிறார். எல்லோரும் தொட்டுப் பார்க்கிறார்கள், முகர்ந்து பார்க்கிறார்கள், படம் எடுக்கிறார்கள், நகர்கிறார்கள். ஐந்து நிமிடத்தில் அடுத்த வகுப்பின் கூட்டம். கூடைக்குப் பின்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருக்கும் அந்த அம்மாளின் நிலையிலிருந்து பாருங்கள். விடிவதற்கு முன்பே வந்து கடை விரித்தவர் அவர்.

வியட்நாமியரிடம் ‘மோ ஹாங்’ என்று ஒரு நம்பிக்கை உண்டு. நேர்ப்பொருள் கடை திறப்பது. நமக்கு அதை விளக்கவே வேண்டாம், ஒரே சொல்லில் சொல்லிவிடலாம்: போணி. அன்றைய முதல் வாடிக்கையாளர் எப்படியோ, அன்றைய வியாபாரமும் அப்படி. முதலில் வந்தவர் விலை கேட்டு, பேரம் பேசி, வாங்காமல் போய்விட்டால் அது ஆகாத சகுனம். அந்தத் தீட்டைக் கழிக்கத் துண்டுக் காகிதத்தைக் கொளுத்திக் கடையைச் சுற்றிக் காட்டுகிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். கடைக்காரம்மாள் முகத்தைத் திருப்பிக்கொண்டால், “இவர்களுக்குச் சிடுசிடுப்பு அதிகம்” என்று சுற்றுப்பயணிகள் குறைப்பட்டுக்கொள்கிறார்கள். பினாங்கிலோ தேக்கா சந்தையிலோ நம் கீரைக்காரர் முன்னால் இப்படிப் பத்துப் பேர் நின்றுவிட்டு வெறுங்கையோடு போனால், அவர் முகம் மட்டும் மலர்ந்தா இருக்கும்?

இதற்குப் பெரிய வைத்தியம் ஒன்றும் தேவையில்லை. ஒரு கட்டு இலை வாங்கினால் போதும். ஆயிரக்கணக்கில் டோங் என்று கேட்டு மிரள வேண்டாம், நம் காசுக்கு ஒன்றிரண்டு ரிங்கிட்தான். வாங்கிய பிறகு படம் எடுக்கலாமா என்று கையால் கேட்டால், பெரும்பாலும் தலையாட்டிவிடுவார்கள். வகுப்பைத் தேர்ந்தெடுக்கும்போதும் இதையே கேள்வியாகக் கேளுங்கள்: “சமையலுக்கு வேண்டியதைச் சந்தையிலேயே எங்கள் கையால் வாங்குவோமா, அல்லது எல்லாம் முன்கூட்டியே வந்துவிடுமா?” முன்கூட்டியே வந்துவிடும் என்றால் அந்தச் சந்தைப் பயணம் வெறும் வேடிக்கை. அதற்குத் தனியாகக் கட்டணம் கொடுக்க வேண்டியதில்லை.

சந்தை நமக்காக நடக்கும் காட்சி அல்ல என்பதற்கு ஒரு சான்றும் உண்டு. தொற்றுநோயால் 2020 மார்ச்சில் மூடப்பட்ட எல்லையை வியட்நாம் 2022 மார்ச் 15ஆம் தேதிதான் சுற்றுப்பயணிகளுக்கு முழுமையாகத் திறந்தது. அந்த இரண்டாண்டும் சமையல் வகுப்புகள் வெளிநாட்டார் இல்லாமல் முடங்கின. சந்தை, நோய்க்கட்டுப்பாட்டு நாள்கள் போக, ஊராருக்காகத் திறந்துதான் இருந்தது.

இனி மீன்சாற்றுக்கு வருவோம். நுவொக் மாம் இல்லாமல் வியட்நாம் சமையல் இல்லை. நெத்திலி, நம் இக்கான் பிலிஸ், மூன்று பங்கு. உப்பு ஒரு பங்கு. பெரிய மரத்தொட்டியில் போட்டு ஏறக்குறைய ஓர் ஆண்டு ஊறவிட்டு, அடியில் வடியும் சாற்றை எடுக்கிறார்கள். கிளந்தான் புடுவின் ஒன்றுவிட்ட தம்பி என்று வைத்துக்கொள்ளலாம். ஃபூ குவோக் தீவின் சாற்றுக்கு 2012இல் ஐரோப்பிய ஒன்றியமே புவிசார் பெயர்ப் பாதுகாப்பு கொடுத்தது. புட்டியில் 30, 40 என்று ஓர் எண் இருக்கும். ஒரு லிட்டரில் எத்தனை கிராம் நைட்ரஜன் என்பதைச் சொல்லும் எண் அது. எண் கூடினால் சத்தும் ருசியும் கூடும், விலையும்தான். இந்தச் சாறு ஒரு பங்கு, சீனி ஒரு பங்கு, எலுமிச்சைச் சாறு ஒரு பங்கு, வெந்நீர் நான்கைந்து பங்கு, நசுக்கிய பூண்டு, மிளகாய். நுவொக் சம் என்னும் தொட்டுக்கொள்ளும் சாறு தயார்.

அம்மாவுக்கு இதில் என்ன இருக்கிறது? பலரும் தடுக்கி விழும் இடம் இது. கறி வேண்டாம், மீன் வேண்டாம் என்று சொல்லிவிட்டால் போதும் என்று நினைக்கிறார்கள். காய்கறி மட்டும் போட்ட தட்டு வரும். அதன் மேல் ஊற்றிய சாற்றில் மீன் இருக்கும். கொடுத்தவர் ஏமாற்றவில்லை. அவர் கணக்கில் அது உப்பு மாதிரி. ஆகவே ‘கறி வேண்டாம்’ என்பது போதாது, ‘அன் சாய்’ என்ற சொல்லைப் பயன்படுத்த வேண்டும். அது பௌத்த சைவ உணவைக் குறிக்கும் சொல். சந்திர மாதத்தின் முதல் நாளிலும் பதினைந்தாம் நாளிலும், நம் கணக்கில் அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி, வியட்நாமில் ஏராளமானோர் சைவம் சாப்பிடுகிறார்கள். அந்த நாள்களில் சந்தையில் சைவக் கடைகள் கூடிவிடும். அமாவாசை விரதம் இருக்கும் நம் அம்மாவும் அந்த ஊர்ப் பாட்டியும் ஒரே நாளில் ஒரே காரியத்தைச் செய்கிறார்கள்! பதிவு செய்யும்போதே ‘அன் சாய்’ என்று சொல்லிவிட்டால் மீன்சாற்றுக்குப் பதில் கிச்சாப் வைத்துக் கற்றுக்கொடுப்பார்கள். அன்று காலை போய்ச் சொன்னால், தட்டிலிருந்து இறாலைப் பொறுக்கி எடுத்துவிட்டு நீட்டும் சங்கடந்தான் மிஞ்சும்.

அப்பாவுக்கும் ஓர் எச்சரிக்கை. ஃபோ நூடல்ஸ் சூப்பின் அடிச்சாறு பெரும்பாலும் மாட்டெலும்பு. கோழியில் வேண்டுமென்றால் ஃபோ கா என்று கேட்க வேண்டும். அன்னாசிப்பூ, பட்டை, கிராம்பு, பெரிய ஏலக்காய், நெருப்பில் சுட்ட இஞ்சி, வெங்காயம் எல்லாம் சேர்த்து மணிக்கணக்கில் கொதிக்க வேண்டிய சாறு அது. நான்கு மணி நேர வகுப்பில் ஃபோ கற்றுத் தருவதாக விளம்பரம் வந்தால், சாறு முதல்நாளே கொதித்துவிட்டது என்று புரிந்துகொள்ளுங்கள்.

வகுப்பில் உண்மையாகவே கற்றுக்கொண்டு வரக்கூடியது பான் செயோ. அரிசிமாவும் மஞ்சளும் தண்ணீரும், தெற்கே போனால் தேங்காய்ப்பாலும். புளிக்க வைப்பதில்லை. சூடான எண்ணெயில் மாவை ஊற்றும்போது எழும் ‘செயோ’ என்ற ஓசையே அதன் பெயராகிவிட்டது. தோசைக்கல்லில் ‘சொய்’ என்கிறோமே, அதே ஓசைதான். வெள்ளைக்காரர்கள் இந்த இடத்தில் திணறுவார்கள். நம்மவர்கள் கெட்டிக்காரர்கள் என்றுதான் நினைப்போம், ஆனால் நமக்கும் ஒரு சோதனை உண்டு. தோசைப் பழக்கத்தில் கரண்டியால் தேய்க்கப் போவோம். தேய்க்கக் கூடாது. சட்டியைத் தூக்கிச் சுழற்றி, ஆப்பத்துக்குச் செய்வதுபோல் மாவைத் தானே ஓட விட வேண்டும். நடுவில் அவரைமுளையும் இறாலும், அம்மாவுக்குக் காளான். சற்று நேரம் மூடி, பிறகு திறந்து ஓரம் மொறுமொறுப்பாகும்வரை பொறுமையாக விட வேண்டும். முதல் இரண்டும் ஒட்டிக்கொள்ளும், மூன்றாவது வந்துவிடும். ஒடித்து, இலைகளோடு அரிசித்தாளில் சுருட்டிச் சாற்றில் தோய்த்துச் சாப்பிட வேண்டும். அரிசித்தாளை ஊற வைக்க வேண்டாம், தண்ணீரில் காட்டி எடுத்தால் போதும். சுருட்டி முடிப்பதற்குள் தானே இளகிவிடும்.

இந்த இலைகள் விளைவது ஊருக்கு வெளியே ட்ரா குவே என்ற கிராமத்தில். பக்கத்து நீர்நிலையிலிருந்து அள்ளும் பாசியை மண்ணில் புதைத்து உரமாக்கும் பழைய முறை அங்கே தொடர்கிறது. 2024இல் ஐ.நா. சுற்றுலா அமைப்பு அதைச் சிறந்த சுற்றுலாக் கிராமங்களில் ஒன்றாகத் தேர்ந்தெடுத்தது. அக்டோபர், நவம்பரில் மட்டும் பயணம் வைத்துக்கொள்ள வேண்டாம். மழைக்காலம், ஆறு தெருவுக்கே வந்துவிடும். 2025 அக்டோபர் இறுதியில் பழைய நகரமே வெள்ளத்தில் மூழ்கியது.

ஹோய் ஆன் வரை போக முடியாதவர்கள் சைகோனில், இன்றைய ஹோ சி மின் நகரில், பென் தான் சந்தையோடு சேர்ந்த வகுப்புகளுக்குப் போகலாம். 1914இல் திறந்த சந்தை அது. அங்கிருந்து நடக்கும் தூரத்தில் மாரியம்மன் கோயில் இருக்கிறது. வியட்நாமியரே அதிகமாக வந்து ஊதுவத்தி ஏற்றிக் கும்பிடும் கோயில். பிரெஞ்சு ஆட்சிக் காலத்தில் நகரத்தார் அங்கே லேவாதேவி நடத்தினார்கள், அவர்கள் கட்டிய தண்டாயுதபாணி கோயிலும் உண்டு. புதுச்சேரித் தமிழர்கள் பிரெஞ்சு அரசுப் பணிக்குப் போனார்கள், சிலர் அங்கேயே பெண்ணெடுத்தார்கள். அந்தக் குடும்பங்கள் திரும்பி வந்து பல பத்தாண்டுகள் ஆகியும் புதுச்சேரியில் ‘சாயோ’ என்று வியட்நாம் பொரித்த சுருளைச் செய்கிறார்கள். சைகோனிலோ ‘கா ரி கா’ என்று கோழிக்கறி. தேங்காய்ப்பால், எலுமிச்சைப்புல், சர்க்கரைவள்ளிக்கிழங்கு போட்டு, ரொட்டியோடு சாப்பிடுகிறார்கள். வகுப்பில் அது பட்டியலில் இருந்தால், வழக்கமான சுருளுக்குப் பதில் அதைக் கேட்டு வாங்கிக் கற்றுக்கொள்ளுங்கள்.

திரும்பியதும் முதல் வாரத்திலேயே ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை தாளை எடுத்துக்கொண்டு நம் பசாருக்குப் போய்விடுங்கள். கெசும் இருக்கும், கங்குங் இருக்கும், அவரைமுளை இருக்கும். தியா தோ கிடைக்காது என்று முடிவுகட்ட வேண்டாம், ஜப்பானியப் பொருள் விற்கும் பேரங்காடிகளில் அதற்கு நெருங்கிய உறவான ஷிசோ இலை கிடைக்கும். கிடைக்காத இரண்டு இலையைத் தாளில் பென்சிலால் அடித்துவிட்டு, கிடைத்ததை எழுதிக்கொள்ளுங்கள்.