கணவாய் பிரித்த குருவிகள்

ஊட்டிப் பக்கத்துச் சோலைக்காட்டில், ஈரச் சருகைக் கிளறிப் புழு தேடும் ஒரு நீலக் குருவி உண்டு. விலாப்புறம் செங்காவி நிறம். கொடைக்கானல் சோலையிலும் அதன் பங்காளி ஒன்று இருக்கிறது; விலாவில் மட்டும் அந்தச் செம்மை கிடையாது.

நடுவே பாலக்காட்டுக் கணவாய். அகலம் 30, 40 கிலோமீட்டர்தான். பஸ்ஸில் ஒரு மணி நேரம். குளிர்ந்த சோலையை விட்டுக் கீழே இறங்காத இந்தச் சின்ன உயிருக்கோ அது கடல். லட்சக்கணக்கான ஆண்டுகள் இக்கரையிலும் அக்கரையிலும் தனித்தனியே கூடு கட்டி, குஞ்சு பொரித்து, தலைமுறை தலைமுறையாகச் சேர்ந்த சிறுசிறு மாற்றங்களால் இரண்டும் வேறு வேறு இனங்களாகவே ஆகிவிட்டன. மரபணுவும் அதையேதான் சொல்கிறது.

2017இல் இவற்றுக்கு விஞ்ஞானிகள் சூட்டிய பேரினப் பெயர் 'ஷோலிகோலா'. நம் 'சோலை' அதில் இருக்கிறது! அடுத்த முறை கொடைக்கானல் போனால் விடியற்காலையில் சோலை ஓரம் கொஞ்ச நேரம் சத்தமில்லாமல் நின்று பாருங்கள்.