தகரப் பெட்டிக்குள் ஓடும் படம்



நளினி மலானி 1946இல் கராச்சியில் பிறந்தவர்; பிரிவினையில் அகதியாக இங்கு வந்த குடும்பம். 1998 பொக்ரான் அணுகுண்டுச் சோதனையை அடுத்து, மண்டோவின் 'டோபா டேக் சிங்' சிறுகதையை நினைவுகூர்ந்து ஒரு வீடியோப் படைப்பை அமைத்தார். தகர டிரங்குப் பெட்டிகளுக்குள் சிறு திரைகள். எதிரெதிர்ச் சுவர்களில் இரண்டு பெண்கள், நடுவே வெற்றிடம். ஒரே சேலையை மடிக்க முயல்கிறார்கள். அந்தக் காட்சி புரிய எந்த மொழியும் வேண்டாம்.

அம்பத்தூர் தொழிற்பேட்டைப் பக்கத்து வகுப்புகளில் ஒடியா, இந்தி பேசும் பிள்ளைகள் இருக்கிறார்கள். வாய் திறக்காவிட்டால் மெல்லக் கற்பவர் என்று எழுதிவிடுகிறோம், அவ்வளவு சுலபமாக! ஊரிலிருந்து பெட்டியில் என்ன கொண்டுவந்தார்கள் என்று நடித்துக் காட்டச் சொல்லுங்கள். பெற்றோர் சம்மதித்தால் கைப்பேசியில் பதிவுசெய்து வகுப்பில் போடுங்கள். மற்ற பிள்ளைகள் பொருளின் பெயரைத் தமிழில் சொல்லட்டும். அதன் ஒடியாப் பெயரை அந்தப் பிள்ளை சொல்லித் தரும்.